செட்டிநாட்டில் கொட்டும் பெரிய எறும்புகளோடு பழகுவது எப்படி?

செட்டிநாட்டு வீடுகளில் பல, ஆண்டின் பெரும்பகுதி பூட்டியே கிடந்து, திருவிழாவுக்கோ கல்யாணத்துக்கோ கும்பாபிஷேகத்துக்கோ மட்டும் திறக்கப்படுகின்றன. திறக்கும் நாளில் பாம்புக்கும் தேளுக்கும் அஞ்சிக் கைவிளக்கோடு நுழைகிறவர்கள்கூட, பின்கட்டில் சாய்த்து வைத்த விறகை அள்ளும்போதோ, கிணற்றடிப் பூவரசின் பட்டுப்போன கிளையைப் பிடித்து இழுக்கும்போதோ கட்டெறும்பை நினைப்பதில்லை. கொட்டு வாங்கிய பிறகு மண்ணெண்ணெயும் எறும்புப் பொடியும் வெளியே வருகின்றன. கண்ணில் பட்ட பத்து எறும்புகள் சாகின்றன. கூடு இருந்த இடத்திலேயே இருக்கிறது. பெரிய எறும்பு கொட்டுவது பெரும்பாலும் இரண்டு நேரங்களில்தான்: கூட்டுக்கு ஆபத்து வரும்போதும், துணிக்கும் தோலுக்கும் நடுவே தான் நசுங்கும்போதும். ஆகவே கூடு எங்கே இருக்கிறது, அதில் வாழ்வது எந்த எறும்பு என்று தெரிந்துகொள்வதே முதல் பாதுகாப்பு. மற்றவை அதற்குப் பின்தான்.

இடுப்பைப் பார்த்து இனம் காணுங்கள்

நம் ஊர்களில் உருவத்தில் பெரிய எறும்பு எதுவானாலும் கட்டெறும்பு என்று சொல்லிவிடுகிறோம். அந்த ஒரே பெயருக்குள் கடுமையாகக் கொட்டுவதும், அளவாகக் கொட்டுவதும், கொடுக்கே இல்லாததும் அடங்கியிருக்கின்றன. இவற்றைப் பிரித்தறிய நிறத்தைவிட நம்பத்தக்க அடையாளம் இடுப்பு. எறும்பின் மார்புக்கும் வயிற்றுக்கும் நடுவே உள்ள ஒடுங்கிய பகுதியில் ஒரு முடிச்சு இருக்கிறதா, இரண்டு முடிச்சுகள் இருக்கின்றனவா என்று பாருங்கள். இதற்காக எறும்பைக் கையில் பிடிக்க வேண்டியதில்லை. ஒரு முழம் தள்ளி நின்று கைப்பேசியில் படம் எடுத்துப் பெரிதாக்கினால் முடிச்சு தெளிவாகத் தெரியும்.

தலையும் வயிறும் கறுப்பாக, நடுவில் மார்பு மட்டும் செங்கல் நிறத்தில், ஒல்லியான நீண்ட உடலும் பெரிய கண்களும் இரண்டு முடிச்சுகளும் கொண்டு, மரத்தில் தனியாக விறுவிறுவென்று ஏறி இறங்குகிற எறும்பைக் கண்டால் எச்சரிக்கையாக இருங்கள். அதன் அறிவியல் பெயர் டெட்ராபொனேரா ரூஃபோநைக்ரா. நீளம் 10 முதல் 13 மில்லிமீட்டர். சென்னை மாகாணத்தில் அறுவை மருத்துவராகப் பணியாற்றிய தாமஸ் ஜெர்டன், தென்னிந்திய எறும்புகளைப் பற்றி 1851இல் வெளியிட்ட பட்டியலில் இதை முதன்முதலாக விவரித்தார். செட்டிநாட்டில் வலியால் மனிதரை உட்காரவைக்கும் எறும்பு இதுதான். புளி, வேம்பு, மா, முருங்கை, பூவரசு என்று எந்த மரத்திலும் பட்டுப்போன கிளை ஒன்று இருந்தால் அதற்குப் போதும்.

உடல் முழுவதும் கறுப்பாக, சற்றே வெண்கலப் பளபளப்போடு, உற்றுப் பார்த்தால் மேனியெங்கும் சீப்பால் இழுத்தது போன்ற வரிகளோடு, தடித்த ஒற்றை முடிச்சின் உச்சியில் இரண்டு சிறு முட்களோடு, தரையில் நிதானமாக நடந்து திரிவது டயகாம்மா என்ற இனம். இதற்கும் கொடுக்கு உண்டு. ஆனால் வலிய வந்து கொட்டும் குணம் குறைவு. கூட்டைக் கிளறினாலோ, விரலால் அழுத்தினாலோதான் கொட்டும்.

மூன்றாவது, இரவில் அடுப்படிக்கும் இனிப்புப் பாத்திரத்துக்கும் வருகிற, வழுவழுப்பான பெரிய கரிய எறும்பு. இதன் பெயர் கேம்போனோட்டஸ் கம்ப்ரஸஸ். ஒரே கூட்டில் சிறிய தலையுள்ளவையும் மிகப் பெரிய தலையுள்ளவையும் சேர்ந்து இருக்கும். இடுப்பில் ஒற்றை முடிச்சு. மிரட்டும் தோற்றம் இருந்தாலும் இதற்குக் கொடுக்கு கிடையாது. தாடையால் கடித்து, வயிற்றின் நுனியிலிருந்து ஃபார்மிக் அமிலத்தைப் பீய்ச்சும், அவ்வளவுதான். மாமரத்தில் இலைகளை இழையால் பிணைத்துக் கூடு கட்டும் செந்நிற முசுறும் இந்த வகையைச் சேர்ந்ததே. அது கூட்டமாக ஏறிக் கடிப்பதால் கொட்டுவதாகத் தோன்றுகிறது. முசுறைப் போலவே உருவம் கொண்ட சிலந்தி ஒன்றும் உண்டு. முன்னங்கால்களை உணர்கொம்புகளைப் போலத் தூக்கிக்கொண்டு நடக்கும் அதை, கால்களை எண்ணினால்தான் கண்டுபிடிக்க முடியும். குழந்தைகளுக்குக் காட்ட வேண்டிய ஒன்று.

கொடுக்கு என்பது முட்டையிடும் உறுப்பு உருமாறி வந்தது. ஆகவே எறும்பிலும் சரி, தேனீயிலும் குளவியிலும் சரி, கொட்டுவது பெண் மட்டுமே. மழைக்குப் பின் விளக்கைச் சுற்றிப் பறக்கிற ஆண் எறும்புகளால் கொட்ட முடியாது. தேனீயின் கொடுக்கு முள்ளோடு தோலில் சிக்கி அறுந்துவிடும். எறும்பின் கொடுக்கு அப்படிச் சிக்குவதில்லை. அது தாடையால் தோலைக் கவ்விப் பிடித்து, உடலை வளைத்து, ஒரே இடத்தைச் சுற்றிப் பலமுறை கொட்டும். சட்டைக்குள் புகுந்த ஒரே எறும்பு நான்கைந்து தடிப்புகளை உண்டாக்குவது இதனால்தான்.

கூட்டைக் கண்டுபிடிக்கும் முறை

செங்கல் மார்புடைய மர எறும்பு வலிய மரத்தைக் குடைவதில்லை. வண்டு துளைத்த ஓட்டையையும், கிளை முறிந்த இடத்து உளுத்த பொந்தையும், மூங்கிலின் உட்குழிவையும் எடுத்துக்கொள்கிறது. அதனால் வீட்டின் முகப்பிலும் வளவிலும் நிற்கிற பர்மாத் தேக்குத் தூண்களைப் பற்றி அவ்வளவு கவலைப்படத் தேவையில்லை. பார்க்க வேண்டியவை பின்கட்டில் நாட்டு மரத்தால் போட்ட விட்டம், மாட்டுக்கொட்டகையின் கால், வேலிக் கம்பு, பல மழை கண்ட விறகுக் குவியல், தட்டோட்டின் மேல் சாய்ந்து கிடக்கும் வேப்பங்கிளை ஆகியவை.

தேடுவதற்கு ஏற்ற நேரம் வெயில் ஏறிய முற்பகல். இந்த எறும்பு பகலில் இரை தேடுவது; கருக்கலில் போய்ப் பார்த்துவிட்டு ஒன்றுமில்லை என்று திரும்பினால் ஏமாந்துபோவீர்கள். மரத்திலிருந்து ஏழெட்டு அடி தள்ளி நின்று, அடிமரத்தில் நடமாடும் ஒற்றை எறும்பைக் கண்ணால் தொடருங்கள். அது வாயில் ஏதேனும் கவ்வியிருந்தால் இன்னும் நல்லது. இரையோடு போகிற எறும்பு வழியில் அதிகம் சுற்றாமல் வீட்டுக்குப் போகும். துளைக்குள் நுழைவதைக் கண்டதும் அந்த இடத்தைச் சுண்ணாம்புப் பொட்டு வைத்து அடையாளப்படுத்திவிடலாம், ஆனால் நீண்ட கம்பின் நுனியால் வைக்க வேண்டும். ஐயமாக இருந்தால் அலக்கால் கிளையை இரண்டு தட்டுத் தட்டிப் பாருங்கள். கூடு இருந்தால் சற்று நேரத்தில் துளையின் வாயில் கரிய தலைகள் நெருக்கியடித்து வரும். கிளை முழுவதும் எறும்புகள் பரவும். தட்டுகிறவர் கிளைக்கு நேர் கீழே நிற்கக் கூடாது.

இது தனியாக வேட்டையாடும் எறும்பு என்பதை மனத்தில் வைத்துக்கொண்டால் பல விபத்துகளைத் தவிர்க்கலாம். சாரை சாரையாக வந்தால் நாம் பார்த்து ஒதுங்கிவிடுவோம். ஒற்றையாக வருவதைப் பார்ப்பதில்லை. மரத்தில் கட்டிய கொடிக்கயிற்றில் உலர்ந்த துணியை உதறாமல் மடித்து வைப்பதும், மரத்தடி மேடையில் முதுகைச் சாய்த்து உட்காருவதும், கழற்றிய சட்டையை அடிமரத்தில் தொங்கவிடுவதும்தான் பெரும்பாலான கொட்டுகளுக்குக் காரணம். கொடிக்கயிற்றை மரத்தில் கட்டாமல் இரண்டு இரும்புக் கம்பிகளுக்கு இடையே கட்டிவிட்டால் இந்தத் தொல்லையில் பாதி தீரும். துணியை உள்ளும் புறமுமாக ஓங்கி உதறி எடுக்க வேண்டும். சிறு குழந்தைகளின் உடுப்பைத் திருப்பியும் பார்க்க வேண்டும்.

இதற்கு விலக்காக வரிசையாக அணிவகுத்துச் செல்லும் கொட்டும் எறும்பு ஒன்றும் தென்னிந்தியாவில் உண்டு. லெப்டோஜெனிஸ் ப்ரொசெஷனாலிஸ் என்ற அந்தக் கரிய பளபளப்பான எறும்பு, கறையானை வேட்டையாடக் கூட்டமாகப் புறப்படுவது. மர எறும்பைவிட உருவில் சிறியது. வெயில் தாழ்ந்த பிறகு கொல்லைப் பக்கம் செருப்பில்லாமல் நடக்க வேண்டாம் என்பதற்கு இதுவும் ஒரு காரணம். வரிசையைக் கண்டால் தாண்டிப் போங்கள், கலைக்க வேண்டாம். கறையான் தொல்லைக்குப் பணம் செலவழிக்கிறவர்கள், கறையானைத் தின்னும் எறும்பின் மேல் மருந்து தெளிப்பது எனக்குப் பொருத்தமாகப் படவில்லை.

தரை எறும்பை அருகிலிருந்து பார்ப்பது

டயகாம்மாவின் கூட்டை மட்டும் ஒழிக்காமல் விட்டுப் பார்க்கும்படி எல்லோரையும் கேட்டுக்கொள்வேன். செம்மண் பொட்டலிலும், முந்திரித் தோப்பின் ஓரத்திலும், ஊரணிக் கரையிலும் தரையில் விரல் நுழையும் அளவுக்கு ஒரு துளையும், சுற்றிலும் சிறு மண்மேடும் தெரியும். அதன் வாயைக் குனிந்து பார்த்தால் காய்ந்த புல், செத்த எறும்புகளின் உடல், கோழியின் அல்லது காக்கையின் சிறகு ஆகியவை வாசலைச் சுற்றிச் செருகியிருப்பதைக் காணலாம். குப்பை என்று தோன்றும் இந்தச் சிறகுகளில் விடியற்காலைப் பனி துளித்துளியாகத் திரள்கிறது. எறும்புகள் வந்து அந்தத் துளிகளை எடுத்துக்கொண்டு உள்ளே போகின்றன. இந்தியாவின் வறண்ட நிலத்தில் இந்த எறும்பு தண்ணீர் சேர்க்கும் இந்த முறையை மார்க் மொஃபெட் என்ற ஆய்வாளர் 1985இல் எழுதினார். ஊரணி வெட்டி மழைநீரைத் தேக்கி வாழ்ந்த ஊர்க்காரர்களுக்கு இதன் அருமை சொல்லாமலே புரியும். பார்க்க விரும்புவோர் தையிலும் மாசியிலும் வெயில் வருமுன் போக வேண்டும். துளையிலிருந்து நாலடி தள்ளி, கால்சட்டையின் முனையைக் காலுறைக்குள் செருகிக்கொண்டு, குத்துக்காலிட்டு உட்கார்ந்தால் போதும். அசையாமல் இருப்பவரை எறும்பு பொருட்படுத்துவதில்லை.

மழைக்காலத்தில் இன்னொரு காட்சி கிடைக்கும். ஐப்பசி, கார்த்திகை மழையில் கூட்டுக்குள் தண்ணீர் இறங்கிவிட்டால் குடியே இடம் மாறும். புதிய இடம் அறிந்த எறும்பு ஒன்று முன்னே நடக்க, அறியாத எறும்பு ஒன்று தன் உணர்கொம்புகளால் முன்னே போவதன் வயிற்றையும் பின்னங்கால்களையும் தட்டிக்கொண்டே பின்தொடரும். பின்னால் வருவது தவறிவிட்டால் முன்னது நின்று காத்திருக்கும். தட்டல் மீண்டும் பட்ட பிறகே அடுத்த அடி வைக்கும். இப்படி இரண்டிரண்டாகவே ஒரு குடி முழுவதும் ஊர் மாறுகிறது. முட்டைகளையும் புழுக்களையும் கூட்டுப்புழுக்களையும் வாயில் கவ்விச் செல்லும். அந்த நேரத்தில் குறுக்கே காலை வைக்காமல் இருந்தால் போதும். இடம் மாறுகிற எறும்பு சண்டைக்கு வருவதில்லை.

இந்த இனத்தில் இறக்கையோடு பிறக்கும் தனி ராணி கிடையாது. வேலைக்கார எறும்புகளைப் போலவே உருவம் கொண்ட ஒன்று, ஆணோடு கூடி முட்டையிடும் பொறுப்பை ஏற்கிறது. பிறக்கும் ஒவ்வொரு வேலைக்காரிக்கும் மார்பின் இரு பக்கமும் மொட்டுப் போன்ற சிறு உறுப்புகள் இருக்கும். முட்டையிடும் எறும்பு, புதிதாக வெளிவரும் ஒவ்வொன்றின் மொட்டையும் கடித்து நீக்கிவிடும். மொட்டு இழந்தது பிறகு இனம் பெருக்குவதில்லை. முட்டையிடுவது இறந்துபோனால், அதன்பின் பிறக்கும் ஒன்று மொட்டை இழக்காமல் அந்த இடத்துக்கு வரும். மண்வெட்டியால் கூட்டைக் கொத்தி, பெரிய ராணி ஒன்றைத் தேடிக் கொன்றுவிட்டால் தீர்ந்தது என்று நினைப்பவர்கள் இதை அறிய வேண்டும்: தேடுவதற்கு அங்கே ராணியே இல்லை, கொத்திய கைக்குக் கொட்டுதான் மிஞ்சும்.

இதன் தூரத்து உறவான, தென்னிந்தியக் காட்டுப் பகுதிகளில் வாழும் ஹார்பெக்னாதஸ் சால்டேட்டர் என்ற தாவும் எறும்பு இன்று உலக ஆய்வகங்களில் புகழ்பெற்றது. ஜெர்டன் 1851இல் விவரித்தவற்றுள் அதுவும் ஒன்று. 2010இல் அதன் மரபணுத் தொகுதி முழுவதும் வெளியானது. வேலைக்காரி முட்டையிடும் நிலைக்கு மாறினால் சுமார் 7 மாத ஆயுள் 4 ஆண்டு வரை நீளுகிறது, மூளையோ சுருங்குகிறது, மீண்டும் வேலைக்காரியாக ஆக்கினால் சுருங்கிய மூளை திரும்ப வளர்கிறது என்று 2021இல் வெளியான ஆய்வு காட்டியது.

கொட்டிவிட்டால்

முதலில் அந்த இடத்தைவிட்டு விலகுங்கள். கூட்டருகே நின்றுகொண்டு எறும்பைத் தட்டிவிடுவதில் பயனில்லை. தாடையால் கவ்வியிருப்பதைத் தோலோடு தேய்க்காமல் ஒவ்வொன்றாகக் கிள்ளி எடுத்து எறியுங்கள். தேய்த்தால் அது இன்னும் இரண்டு முறை கொட்டும். கையில் கொட்டியிருந்தால் வீங்குமுன் மோதிரத்தையும் வளையலையும் கழற்றிவிட வேண்டும். சோப்புப் போட்டுக் கழுவி, ஈரத்துணியில் சுற்றிய பனிக்கட்டியைப் பத்து நிமிடம் வைத்து எடுத்தால் கடுப்பு தணியும். அரிப்பு தொடர்ந்தால் செட்டிரிசின் போன்ற மாத்திரையை மருத்துவர் சொல்லும் அளவில் எடுத்துக்கொள்ளலாம். கொட்டிய இடத்தைச் சுற்றி மட்டும் சிவந்து வீங்குவதும், ஓரிரு நாள் அரிப்பதும் இயல்பு.

சுண்ணாம்பு தடவும் பழக்கம் நம்மிடம் ஆழமாக இருக்கிறது. அப்பத்தா தடவினார், ஆயா தடவினார் என்பதால் அதை இகழ்ந்து பேச எனக்கு மனம் வராது. எனினும் அதை விட்டுவிடும்படியே சொல்வேன். எறும்பு விடுவது அமிலம், சுண்ணாம்பு அதை முறிக்கும் என்பது அதற்குச் சொல்லப்படும் காரணம். அமிலம் பீய்ச்சுவது கொடுக்கில்லாத கேம்போனோட்டஸும் முசுறும்தான். கொடுக்குள்ள இந்தப் பெரிய எறும்புகளின் நஞ்சு பெரும்பாலும் புரதங்களும் பெப்டைடுகளும் சேர்ந்தது. அதுவும் தோலுக்கு அடியில் செலுத்தப்படுவது. மேலே பூசும் சுண்ணாம்பு அதைத் தொடுவதில்லை. குழந்தையின் மெல்லிய தோலை அது பொத்துவிடவும் கூடும்.

கவலைப்பட வேண்டியது ஒவ்வாமையைப் பற்றியே. செங்கல் மார்புடைய மர எறும்பு கொட்டி உயிருக்கு ஆபத்தான ஒவ்வாமை ஏற்பட்ட நிகழ்வுகள் தாய்லாந்து மருத்துவ இதழ்களில் பதிவாகியுள்ளன. அதே எறும்புதான் நம் புளியமரத்திலும் இருக்கிறது. கொட்டிய சில நிமிடங்களிலோ அரைமணிக்குள்ளோ, கொட்டாத இடங்களிலும் தடிப்பு எழுவது, உதடும் நாக்கும் வீங்குவது, குரல் கம்முவது, மூச்சு இழுப்பது, வாந்தி, தலைசுற்றி மயங்குவது ஆகியவற்றுள் எது வந்தாலும் அது அவசரநிலை. உடனே 108க்கு அழையுங்கள். மயக்கம் வருபவரைப் படுக்கவைத்துக் காலை உயர்த்தி வையுங்கள். மூச்சுத் திணறினால் சாய்ந்து உட்காரவிடுங்கள். எழுந்து நடக்கவிட வேண்டாம். இதற்கு மருந்து தொடையின் வெளிப்பக்கத் தசையில் போடும் அட்ரினலின் ஊசி. அரிப்பு மாத்திரையைக் கொடுத்துவிட்டுக் காத்திருப்பது பெரும் பிழை. சிறுவயதில் பலமுறை கொட்டியும் ஒன்றும் ஆகவில்லை என்பது பாதுகாப்பு ஆகாது. முன்பு பட்ட கொட்டினாலேயே உடல் ஒவ்வாமையைக் கற்றுக்கொள்கிறது. இரத்த அழுத்தத்துக்கோ இதய நோய்க்கோ பீட்டா பிளாக்கர் மாத்திரை சாப்பிடுபவர்களுக்கு அட்ரினலின் வேலை செய்வது குறையக்கூடும். ஆகவே அந்த மாத்திரைச் சீட்டையும் கையோடு எடுத்துச் செல்லுங்கள்.

இங்கே ஒருமுறை உடல் முழுவதும் தடித்தவர்கள் வெளிநாடு போகும்போதும் இதை மறக்கக் கூடாது. வளைகுடா நாடுகளில் சம்சம் எறும்பு என்ற சிறிய கரிய எறும்பு உண்டு. அது கொட்டி ஒவ்வாமையால் இறந்தவர்கள் உண்டு. ஆஸ்திரேலியாவில் மிர்மீசியா என்ற பேரினத்தில் சுமார் 90 வகைகள் இருக்கின்றன, சில 3.5 சென்டிமீட்டரைத் தாண்டும். பார்வைக் கூர்மை மிக்க அவை, கூட்டருகே நிற்கும் மனிதரைப் பார்த்து ஓடிவந்து தாக்கும். நம் எறும்புக்குப் பழகியவர் அங்கே நாலடி தள்ளி உட்கார்ந்து பார்க்கும் முறையைக் கையாளக் கூடாது. தாஸ்மானியாவில் மக்கள்தொகையில் ஏறத்தாழ 3 விழுக்காட்டினருக்கு மிர்மீசியாவில் ஒரு வகையான, அங்குள்ள தாவும் எறும்பின் நஞ்சு ஒவ்வாததால், நஞ்சையே சிறுகச் சிறுகச் செலுத்தி உடலைப் பழக்கும் சிகிச்சை அங்கு அரசு மருத்துவமனையில் தரப்படுகிறது.

கூட்டை அகற்றியே ஆக வேண்டுமென்றால்

கல்யாணப் பந்தலுக்கு மேலே, குழந்தைகள் விளையாடும் இடத்தில், ஒவ்வாமை உள்ளவர் இருக்கும் வீட்டில் மர எறும்பின் கூடு இருந்தால் அகற்றுவது நியாயமே. நடமாடும் எறும்புகளின் மேல் பொடி தூவுவது வீண். முட்டையும் ராணியும் கிளைக்குள் பத்திரமாக இருக்கும். கூடு உள்ள பட்ட கிளையை அப்படியே இறக்குவதுதான் வழி. எறும்புகள் கூட்டுக்குள் அடங்கியிருக்கும் விடியற்காலையில், முழுக்கைச் சட்டையும் கையுறையும் தலையில் இறுகக் கட்டிய துண்டும் அணிந்தவர், கயிற்றைக் கிளையின் நுனிப்பக்கம் தொரட்டியால் மாட்டிவிட்டு, கூட்டுக்கும் அடிமரத்துக்கும் நடுவே உள்ள பச்சை மரத்தில் அறுக்க வேண்டும். ஏணியைக் கூடுள்ள கிளையில் சாய்க்கக் கூடாது. மரமேறுபவர் துணையின்றி ஏறவும் கூடாது. விழுந்த கிளையைக் கயிற்றாலேயே இழுத்துக்கொண்டுபோய் ஊருக்கு வெளியே கண்மாய்க் கரையிலோ தைலமரக் காட்டோரத்திலோ போட்டுவிடுங்கள். நல்ல விறகாயிற்றே என்று அன்றே பின்கட்டில் அடுக்கினால் கூடு வீட்டுக்குள் வந்துவிடும். அறுத்த மரத்தை இரண்டு நாள் முற்பகலில் கவனித்து, திரும்பி வந்த எறும்புகள் வேறு துளையில் நுழைகின்றனவா என்று பார்த்த பிறகே பந்தல்காரரை வரச் சொல்லுங்கள்.